பனையும் பந்தும்

2018ஆம் ஆண்டு செப்டெம்பர் மாதம் சிங்கப்பூரில் நடைபெற்ற ஆசிய வலைப்பந்தாட்டப் போட்டியின் இறுதி ஆட்டத்தில் இலங்கைப் பெண்கள் அணி, சிங்கப்பூர் அணியை 69க்கு 50 என்னும் கணக்கில் வென்று கிண்ணத்தைக் கைப்பற்றியது. அவ்வெற்றியின் ஆரவாரம் அடங்கு முன்னரே மாத்தளைப் பகுதி மாணவரிடையே ஒரு கவிதைப் போட்டி நடைபெற்றது. 'வான் தொட்ட வீராங்கனை' என்பது தலைப்பு. நடுவர் மூவருள் நானும் ஒருவராக இருக்க நேர்ந்தது. எம்மிடம் வந்து சேர்ந்த முப்பத்திரண்டு பாட்டுகளுள் இருபதுக்கு மேற்பட்டவற்றில் தர்ஜினி சிவலிங்கம் பனைமரமாக நின்றார். எஞ்சியவற்றுட் சிலவற்றில் கோபுரமாகவும், ஒன்றிரண்டில் இமயமாகவும் நின்றார். நின்றார் என்று நான் எழுதுவது காரணத்தோடுதான். அப்பாட்டுகளில் எந்த ஒன்றிலும் அவர் ஓடவில்லை, பந்தைப் பிடிக்கவில்லை, எறியவுமில்லை.

பிள்ளைகளைக் குறைகூறுவதற்காக இதனை எழுதவில்லை. அவர்கள் எங்கிருந்து இதைக் கற்றார்கள் என்பதே நம் கேள்வி. பத்திரிகைகளின் தலைப்புகளிலிருந்து கற்றார்கள். வாழ்த்துக் கூட்டங்களின் மேடைப் பேச்சுகளிலிருந்து கற்றார்கள். வகுப்பறையில் நாம் கற்பித்த அணியிலக்கணத்திலிருந்தும் கற்றார்கள். ஆகவே இது மாணவர் பாட்டுகளைப் பற்றிய திறனாய்வு அன்று, அப்பாட்டுகளை எழுதுவித்த இரசனையைப் பற்றியது.

தொல்காப்பியர் உவமை பிறக்கும் நிலைக்களன்களாக வினை, பயன், மெய், உரு என நான்கினைக் கூறினார். செயலால் ஒப்புமை கொள்வது வினையுவமம்; விளைவால் ஒப்புமை கொள்வது பயனுவமம்; வடிவால் ஒப்புமை கொள்வது மெய்யுவமம்; நிறத்தால் ஒப்புமை கொள்வது உருவுவமம். நான்கனுள் வினையை அவர் முதலில் வைத்தமைக்கு உட்கருத்து ஏதும் உண்டோ என்பதைப் பண்டிதர்கள் ஆராயட்டும். நமது பாட்டுகள் மெய்யோடு நின்றுவிட்டன என்பது மட்டும் கண்கூடு. ஆறடி பத்து அங்குல உயரம் ஒன்றே கண்ணுக்குத் தெரிந்தது. யாழ்ப்பாணத்தவர் என்பதும் தெரிந்தது. இரண்டையும் கூட்டிப் பார்த்தபோது பனைமரம் தானாகவே முளைத்து எழுந்தது. உழைக்காமற் கிடைத்த உவமை அது. அதைவிடக் கேடு, உவமிக்கப்பட்டவரும் உழைக்காமலே வென்றார் என்னும் எண்ணத்தை அது படிப்பவர் நெஞ்சில் விதைத்துவிடுகிறது. பனை உயரமாக இருப்பதற்கு எந்தப் பயிற்சியும் செய்வதில்லை.

இனி வினை யாது என்பதைப் பார்ப்போம். வலைப்பந்தாட்டத்தைப் பாடசாலை மைதானத்தின் ஓரத்தில் நின்று பார்த்த ஆசிரியர் பலரும் அதன் விதிகளை ஊன்றிக் கவனித்ததில்லை. நானும் நெடுங்காலம் கவனித்ததில்லை. ஓரணிக்கு எழுவர். ஆடுகளம் நூறு அடி நீளமும் ஐம்பது அடி அகலமும் உடையது. மூன்று பாகங்களாக வகுக்கப்பட்டது. ஒவ்வொருவருக்கும் இன்ன பாகத்தில்தான் நடமாடலாம் என்ற வரம்பு உண்டு. பந்தைக் கையிற் பெற்றவர் அதனை ஏந்திக்கொண்டு ஓடக்கூடாது. தரையில் தட்டித்தட்டிக் கொண்டுபோகவும் கூடாது. மூன்று விநாடிக்குள் அது கையை விட்டுப் போயாக வேண்டும். எதிராளி மூன்றடி தள்ளி நின்றே தடுக்கலாம். வளையம் பத்தடி உயரத்தில் இருக்கிறது. அதன் பின்னே பந்து மோதித் திரும்புவதற்குக் கூடைப்பந்தாட்டத்தில் உள்ளது போன்ற பலகை கிடையாது. வளையத்தைச் சூழ்ந்த பதினாறடி ஆரையுள்ள அரைவட்டத்துக்குள் நின்று, எழுவரில் இருவர் மட்டுமே எய்யலாம்.

இவ்விதிகளை ஒன்றுசேர்த்து நோக்கினால் தர்ஜினியின் தொழில் எத்தகையது என்பது புலப்படும். அரைவட்டத்துக்குள் அவரைச் சூழ இருவர் நிற்பர். நடுக்களத்திலிருந்து ஒருத்தி, அவ்விருவர் கைகளுக்கும் மேலாகப் பந்தை உயர்த்தி எறிவாள். அது வரும் கணத்தையும் இடத்தையும் அவர் முன்னரே கணித்து, தள்ளும் முதுகுகளிடையே தம் காலூன்றும் இடத்தை விட்டுக்கொடாமற் காத்துநின்று, இரு கைகளால் அல்லது ஒரு கையால் அதனைப் பற்றி, தளம்பாமல் நிலைகொண்டு, மூன்று விநாடிக்குள் பலகையற்ற வளையத்தினுள் இட வேண்டும். உயரம் வளையத்தை அணுக்கமாக்கும் என்பது மெய். பந்தை அதனுள் இடுவது உயரமன்று. மணிக்கட்டும் கண்ணும் பல்லாயிரம் தடவை செய்த பழக்கமுமே. ஒவ்வொரு நாட்டிலும் நெடிதுயர்ந்த பெண்கள் இருக்கிறார்கள். 2019ஆம் ஆண்டு லிவர்பூலில் நடந்த உலகக் கிண்ணப் போட்டியில் 348 கோல்களை இட்டு, பதினாறு நாட்டு வீராங்கனையருள்ளும் மிகுதியாக இட்டவர் என்ற நிலையை எய்தியவர் இவர் ஒருவரே. அப்போது அவருக்கு வயது 40. அத்தனை உயரமான உடல் குதித்து இறங்கும்போது முழங்கால் தாங்கும் பாரத்தை அந்த வயதில் எண்ணிப் பார்க்க வேண்டும். எந்தப் பனைக்கும் முழங்கால் இல்லை!

பந்தை உயர்த்தி எறிந்த ஒருத்தி என்று மேலே சொன்னேனே, அவளை எந்தப் பாட்டிலும் காணோம். 2018இல் அணித்தலைவியாக இருந்தவர் சதுரங்கி ஜயசூரிய. பயிற்றுவித்தவர் திலகா ஜினதாச. தனித்து ஒருவர் வெல்ல இயலாதபடி விதிகளாலேயே கட்டப்பட்ட ஆட்டம் இது. நமது கவிகளோ அதிலிருந்து ஒரு தனி நாயகியைப் பிடுங்கி எடுத்து வெற்றுவெளியில் நட்டுவிட்டார்கள். பழைய பரணிப் புலவனாவது படையைப் பாடினான்.

அவ்விதிகளின் பிறப்பையும் சற்று நோக்குவது பயனுடையது. கூடைப்பந்தாட்டம் 1891இல் அமெரிக்காவில் தோன்றியது. சில ஆண்டுகளில் அது இங்கிலாந்தின் பெண்கள் உடற்பயிற்சிக் கல்லூரிகளுக்கு வந்தபோது, நீண்ட பாவாடை அணிந்த நடுத்தர வர்க்கப் பெண்பிள்ளைகளுக்கு 'ஏற்றவாறு' மாற்றப்பட்டது. மிகையாக ஓடலாகாது, உடலோடு உடல் உரசலாகாது, மைதானம் முழுவதும் திரியலாகாது. விக்டோரியா காலத்து அடக்கத்தின் இலக்கணம் அப்படியே ஆட்டத்தின் விதியாயிற்று. பின்னர் பேரரசின் கப்பல்களிலேறி அது குடியேற்ற நாடுகளின் பெண்கள் பாடசாலைகளுக்கு வந்து சேர்ந்தது. உலகெங்கும் ஒரே விதியை வகுப்பதற்காகப் பல நாட்டுப் பிரதிநிதிகள் 1960இல் கூடியது நமது இலங்கையிலேதான். 1963இல் இங்கிலாந்தின் ஈஸ்ட்போர்னில் நடந்த முதல் உலகப் போட்டியில் இலங்கை அணியும் கலந்துகொண்டது. வரலாற்றின் முரண்பாடு எத்துணை விந்தையானது! பெண்ணைக் கட்டிவைக்க வகுத்த வேலிகளே, ஒருவர் மற்றவரின்றி ஓரடியும் நகரவியலாத கூட்டு முயற்சியாக ஆட்டத்தை மாற்றிவிட்டன. பெண்ணை அடக்க நினைத்தவர்கள் எதிர்பார்த்த விளைவு இதுவாயிராது.

இனித் தர்ஜினியின் வாழ்க்கையைப் பற்றி எழுதப்பட்டவற்றுக்கு வருவோம். இங்கே பனைக்கு அடுத்தபடியாக இன்னொரு வாய்பாடு நம்மை எதிர்கொள்கிறது. போரின் சாம்பலிலிருந்து எழுந்தவர், இனங்களை இணைத்த பாலம், ஒற்றுமையின் சின்னம் என்ற வாய்பாடு அது. அவர் 1979இல் யாழ்ப்பாணத்துப் புன்னாலைக்கட்டுவனிற் பிறந்தவர். நான்கு வயதாகும்போது 1983 வந்தது. பதினாறு வயதாகும்போது, 1995 ஒக்டோபர் இறுதியில், வலிகாமம் முழுவதும் ஒரே இரவில் இடம்பெயர்ந்தது. முப்பது வயதில், 2009இல், மலேசியாவின் மலாக்காவில் இலங்கை அணி ஆசியக் கிண்ணத்தை வென்றபோது அவ்வணியில் அவர் இருந்தார். அதே ஆண்டு மே மாதத்தில் வன்னியில் போர் முடிந்திருந்தது. இத்தேதிகளை அடுத்தடுத்து வைத்தாலே போதும். அதற்குமேல் 'சாம்பல்' என்றும் 'பாலம்' என்றும் சொல்வதில் புதிதாக ஒன்றும் விளங்குவதில்லை. பாலம் என்னும் உவமையை நான் ஐயுறுவதற்கு இன்னொரு காரணமும் உண்டு. பாலத்தின் மீது மற்றவர்கள் நடந்து போவார்கள். தான் எங்கும் போகாமல் இருபுறத்தாருக்கும் பயன்படுவதே பாலத்தின் இயல்பு. ஓர் ஆட்டக்காரியின் வெற்றியை இனப்பிரச்சினைக்குக் கிடைத்த சான்றிதழாகக் காட்டியவர்கள், வடக்கிலும் கிழக்கிலும் மலையகத்திலும் எத்தனை பாடசாலைகளில் ஒழுங்கான ஆடுகளம் உண்டு என்று கேட்டு ஒரு வரி எழுதியதை நான் படித்ததில்லை.

சாம்பலும் பாலமும் மறைத்துவிடுகிற உண்மையான ஏணி ஒன்று இருக்கிறது. தர்ஜினி கிழக்குப் பல்கலைக்கழகத்திற் பயின்றவர். பின்னர் செலான் வங்கியின் அணிக்கு ஆடினார். இலவசக் கல்வி, அதன்வழி பல்கலைக்கழக அனுமதி, அங்கே ஒரு மைதானம், பிறகு சம்பளத்தோடு ஆட இடந்தரும் ஒரு நிறுவனம்: இந்நாட்டில் வலைப்பந்தாட்டக்காரி ஒருத்தி மேலே வரும் வழி பெரும்பாலும் இதுவே. வங்கிகளும் வணிக நிறுவனங்களும் தமக்குள் நடத்தும் போட்டிகளே தேசிய அணியின் விளைநிலம். 1945இல் நிலைபெற்ற இலவசக் கல்வித் திட்டம் இல்லையெனில் இவ்வேணியின் முதற் படியே இராது. இதனைப் பாடுவதற்குப் புலவர்க்கு மனமில்லை. ஏனெனில் இதில் இடியுமில்லை, மின்னலுமில்லை.

இதோடு ஒப்புநோக்கப் பிரான்சு நாட்டை எடுத்துக்கொள்வோம். அங்கே பெண்களிடையே பெருவழக்காக உள்ளது கைப்பந்தாட்டம். வலைப்பந்தாட்டத்தின் வேலிகள் அதற்கு இல்லை. ஓடலாம், உடலால் மறிக்கலாம். அந்நாட்டு அணியின் அலிசன் பினோ 2009இல் தமது இருபதாவது வயதில் உலகின் சிறந்த கைப்பந்தாட்ட வீராங்கனையாகத் தெரிவுசெய்யப்பட்டவர். 2017இல் உலகக் கிண்ணத்தையும், 2021இல் தோக்கியோ ஒலிம்பிக்கில் தங்கத்தையும் வென்ற அணியில் இருந்தவர். பினோவும் திறமைசாலி, தர்ஜினியும் திறமைசாலி. வேறுபாடு திறமையில் இல்லை. பினோ ஆடுவதையே தொழிலாகக் கொண்டு, தம் நாட்டிலும் பிற ஐரோப்பிய நாடுகளிலும் கழகங்களுக்குச் சம்பளத்துக்கு ஆடியவர். 2021இல் அந்நாட்டுப் பெண்கள் கைப்பந்தாட்டத் தொழில்முறைக் கழகங்களுக்கும் ஆட்டக்காரிகளின் தொழிற்சங்கத்துக்கும் இடையே கூட்டு ஒப்பந்தம் ஒன்று கைச்சாத்தாயிற்று. கருவுற்றாலோ காயமுற்றாலோ ஆட்டக்காரி நடுத்தெருவில் விடப்படாதபடி சம்பளப் பாதுகாப்பு அதில் எழுதப்பட்டது. விளையாட்டு ஓர் உழைப்பு, ஆட்டக்காரி ஓர் உழைப்பாளி என்பதை ஒப்புக்கொண்ட ஆவணம் அது. உழைப்பு என்று ஒப்புக்கொண்டால் கூலியும் ஓய்வும் பற்றிப் பேச வேண்டிவரும். பனை என்று சொல்லிவிட்டாலோ கும்பிட்டுவிட்டுப் போய்விடலாம்.

தர்ஜினிக்கும் தொழில்முறைக்கு அண்மித்த ஆட்டம் கிடைக்கவே செய்தது. ஆனால் அது அவுஸ்திரேலியாவில், விக்டோரியா மாநிலப் போட்டியில், சிற்றி வெஸ்ற் பல்கன்ஸ் அணியில், நாற்பதை அண்மித்த வயதிற் கிடைத்தது. இருபதுகளில் கிடைத்திருந்தால் என்னவாயிருக்கும் என்று ஊகிப்பது வீண்.

லிவர்பூலுக்குத் திரும்புவோம், இக்கட்டுரையின் மையம் அங்கேதான் இருக்கிறது. 348 கோல்களை இட்டு யாவரினும் முன்னின்றவரது அணி, பதினாறு அணிகளுள் பதினைந்தாம் இடத்தைப் பெற்றது. இவ்விரு எண்களையும் ஒருசேர வைத்து எழுதிய தமிழ்க் கட்டுரை எதையும் நான் கண்டதில்லை. முதல் எண் வாழ்த்துப் பாட்டுக்கு உதவியது; இரண்டாவது எண் இரங்கலுக்கு உதவியது. இரண்டும் ஒரே உண்மையின் இரு முகங்கள். உலகிலேயே நன்றாக எய்பவர் ஒருவர் இருந்தும், பந்தை அவரிடம் கொண்டுசேர்க்கும் நடுக்களமும், எதிராளி எய்வதைத் தடுக்கும் பின்களமும் வேண்டும். அவற்றை ஒருவரது உயரத்தால் ஈடுசெய்ய முடியாது. இறுதி ஆட்டத்தில் அவுஸ்திரேலியாவை 52க்கு 51 என்று வென்ற நியூசிலாந்தும், தோற்ற அவுஸ்திரேலியாவும், போட்டியை நடத்திய இங்கிலாந்தும் பெண்களுக்குச் சம்பளம் தந்து ஆண்டுதோறும் ஆடவைக்கும் போட்டித் தொடர்களை வைத்திருக்கின்றன. நம் அணியிலோ வேலைக்குப் போய்வந்து மாலையில் பயிற்சி செய்யும் பெண்கள். பதினைந்தாம் இடம் வெட்கப்பட வேண்டிய இடமன்று. அது ஒரு கணக்கு. 2022இல் சிங்கப்பூரில் மீண்டும் ஆசியக் கிண்ணத்தை வென்றபோது அதே கணக்கை நாம் மறந்துவிட்டுப் பட்டாசு கொளுத்தினோம். 43 வயதில் தர்ஜினி அவ்வணியிலும் ஆடினார் என்பது அவருக்குப் பெருமை. நாற்பத்து மூன்று வயதுவரை அவரையே நம்பியிருந்தோம் என்பது வேறு விஷயம்.

முற்போக்காளர் என்று நம்மைச் சொல்லிக்கொள்ளும் எழுத்தாளரும் இந்தக் குற்றத்துக்குப் புறம்பானவர் அல்லர். பெண்ணின் உடல் நமது கதைகளில் இரண்டு விதமாகவே வருகிறது: அழகாக, அல்லது துயரமாக. ஒன்றைப் பழைமைவாதி எழுதுகிறான், மற்றதை நாம் எழுதுகிறோம். கொழுந்து பறிக்கும் பெண்ணைப் பாடிய நம்மவர் பாட்டுகளில் அவளது விரல்கள் தளிராகும், அல்லது குருதி சிந்தும். அவ்விரல்கள் பெற்றிருக்கும் தேர்ச்சியைப் பாடினோமா? இரண்டிலையும் மொட்டும் எவை, முற்றல் எது என்று கண் பாராமலே விரல் அறியும். அந்த அறிவுதான் அவளுக்கு முழுப்பேரா அரைப்பேரா என்பதைத் தீர்மானிக்கிறது. தேர்ச்சியை ஒப்புக்கொள்ளாதவரை இரக்கமும் ஒருவகை அவமதிப்பே. தர்ஜினியைப் பாடிய போது நாம் செய்ததும் அதுவே: வியந்தோம், இரங்கினோம், அவர் என்ன செய்தார் என்று மட்டும் கேட்கவில்லை.

இவ்விடத்தில் அக்கவிதைப் போட்டியில் வந்த ஒரு பாட்டைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். எழுதியவள் றத்தொட்டைப் பக்கத்துத் தோட்டமொன்றிலிருந்து வந்து படித்த பத்தாம் வகுப்பு மாணவி. எதுகை இரண்டிடத்தில் தவறியிருந்தது. எழுத்துப் பிழைகளும் இருந்தன. பந்தை எறிந்தவளின் குரலில் அமைந்திருந்தது அப்பாட்டு. தூரத்தில் நிற்பவளின் கை எங்கே விரியும் என்று பார்த்து, எதிராளி பாயும் முன்னரே பந்தை விட்டுவிட்டு, அது போய்ச் சேர்கிறதா என்று மூச்சைப் பிடித்துக்கொண்டு நிற்கும் ஒருத்தியின் குரல். உவமை ஒன்றே ஒன்றுதான்: மலைச்சரிவில் மேல்வரிசையில் நிற்பவள் கீழ்வரிசையில் நிற்பவளுக்குத் தண்ணீர்ப் போத்தலை வீசுவது. வினையால் ஒப்புமை கொண்ட உவமை. தொல்காப்பியத்தை அவள் படித்திருக்கவில்லை.

நான் அதற்கு முதல் இடம் அளித்தேன். மற்ற நடுவர் இருவரும் இசையவில்லை. வீராங்கனையின் சிறப்பு வெளிப்படவில்லை, அணிநயம் குறைவு, தலைப்புக்குப் பொருந்தவில்லை என்பன அவர்கள் கூறிய காரணங்கள். அவர்கள் கெட்ட எண்ணத்தோடு சொன்னவர்கள் அல்லர். தாம் கற்றதைச் சொன்னார்கள். ஆறுதற் பரிசு என்று ஒரு நாவல் அவளுக்குக் கிடைத்தது. முதற் பரிசு பெற்ற பாட்டு எதுவென்று வாசகர் ஊகித்துக்கொள்ளலாம்; அதில் பனையோடு கற்பகதருவும் இருந்தது.

பிறகு அவளிடம் பேசியபோது, அவள் பாடசாலை அணியில் ஆடுபவளா என்று கேட்டேன். ஆறாம் வகுப்பில் சில மாதம் ஆடினாளாம். பயிற்சி இரண்டு மணிக்குத் தொடங்கி மூன்றரைக்கு முடியும். அவளது தோட்டப் பாதைக்குப் போகும் பேருந்து இரண்டே காலுக்குப் புறப்பட்டுவிடும். அடுத்தது மாலை ஐந்தரைக்கு, அதிலிருந்து இறங்கி லயத்துக்கு இருட்டில் இரண்டு மைல் நடை. வீட்டில் போக வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள். அவள் இதனை ஒரு குறையாகச் சொல்லவில்லை, நேர அட்டவணையாகவே சொன்னாள். உயரமானவளும் அல்லள். நடுக்களத்தில் ஆடுவதற்கு உயரம் வேண்டியதில்லை. கண்ணும் கையும் வேண்டும். அவை இரண்டும் அவளுக்கு இருந்தன என்பதற்கு அப்பாட்டே சாட்சி. சாதாரண தரப் பரீட்சைக்குப் பின் அவள் ஆடைத் தொழிற்சாலை வேலைக்குப் போய்விட்டாள்.

லிவர்பூலில் இலங்கை அணியின் நடுக்களத்துக்குக் குறைவாயிருந்தது என்ன என்று விளையாட்டுப் பத்தியாளர்கள் கேட்பதுண்டு. அந்த இரண்டே கால் மணிப் பேருந்தைப் பற்றி அவர்களுக்கு எழுதலாம் என்று பலமுறை எண்ணியிருக்கிறேன்.

சென்ற ஆண்டு எங்கள் பாடசாலையில் உடற்கல்வி ஆசிரியையும் நானும் அதிபரிடம் பேசி, தோட்டப் பிள்ளைகளுக்கான பயிற்சியை வாரத்தில் மூன்று நாள் இடைவேளை நேரத்துக்கு மாற்றிப் பார்த்தோம். இருபது நிமிடந்தான். சாப்பாட்டை முதற் பாடம் முடிந்ததும் விழுங்கிவிட்டு வருகிறார்கள். வளையத்தின் இரும்பு ஒருபுறம் சாய்ந்திருந்ததை ஒரு பிள்ளையின் தகப்பனார் ஒட்டித் தந்தார். பந்து இரண்டு உண்டு. ஒன்றில் காற்று நிற்பதில்லை. இப்போது பதினொருவர் வருகிறார்கள். இரண்டு அணிகளுக்கு இன்னும் மூவர் வேண்டும்.